பாஸ்பாஜென்: யெல்லப்ரகட சுப்பாராவும் ஒரு சொல்லும்

உடற்பயிற்சிக் கூடத்துக்குப் போகிற இளைஞர்களிடம் கிரியாட்டின் என்ற வெள்ளைத் தூளைப் பற்றிக் கேட்டால் நிறையப் பேசுவார்கள். உடம்புக்குள் போனபின் அது என்னவாகிறது என்று கேட்டால், கொஞ்சம் விவரம் தெரிந்தவர்கள் 'பாஸ்பாஜென்' என்று ஒரு சொல்லைச் சொல்லக்கூடும். குறுந்தூர ஓட்டக்காரர்களுக்கான பயிற்சிக் கையேடுகளில் இந்தச் சொல் அடிக்கடி வரும். உயிர்வேதியியல் பாடநூல்களிலும் தசையைப் பற்றிய அத்தியாயத்தில் ஓர் ஓரமாக இருக்கும். இந்தச் சொல்லை உருவாக்கியவர்கள் லண்டனில் இருந்த ஒரு கணவனும் மனைவியும். அது குறிக்கும் பொருள் இன்னதுதான் என்று கண்டு சொன்னவர்கள் பாஸ்டனில் இருந்த இருவர். அவர்களில் ஒருவர் சென்னையில் மருத்துவம் படித்துவிட்டுக் கப்பலேறிய யெல்லப்ரகட சுப்பாராவ்.

அவர் பிறந்தது 1895 ஜனவரி 12 அன்று, அன்றைய சென்னை மாகாணத்தின் பீமவரத்தில். இன்று அது ஆந்திராவின் மேற்கு கோதாவரி மாவட்டம். ஏழு குழந்தைகளில் நான்காவது. தந்தை ஜகன்னாதம் நோயாளி. குடும்பத்தைத் தாங்கியது தாய் வெங்கம்மா. படிப்பில் மனம் செல்லாத பையன், சிறு வயதிலேயே வீட்டை விட்டுக் காசிக்குப் புறப்பட்டான். யாத்ரீகர்களுக்கு வாழைப்பழம் விற்றுப் பணக்காரனாகலாம் என்பது திட்டம். தாய் பாதியில் பிடித்துத் திருப்பிக் கொண்டுவந்தாள். மெட்ரிகுலேஷன் தேர்வில் இருமுறை தோற்று, மூன்றாம் முறை திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியிலிருந்து எழுதித் தேறினார். பிறகு மாநிலக் கல்லூரி. அங்கிருந்தபோது ராமகிருஷ்ண மடத்தின் பக்கம் மனம் சாய்ந்து, துறவியாக வேண்டும் என்று நின்றார். தாய் சம்மதிக்கவில்லை. தாயின் அனுமதியின்றிச் சேர்த்துக்கொள்ள மடமும் தயாரில்லை. மருத்துவம் படித்துச் சேவை செய் என்று அங்கேயே வழி காட்டினார்கள்.

சென்னை மருத்துவக் கல்லூரியில் காந்தியின் அழைப்பை ஏற்றுக் கதர் உடுத்திக்கொண்டு போனார். அறுவைச் சிகிச்சைப் பேராசிரியராக இருந்த ஆங்கிலேயருக்கு அது பிடிக்கவில்லை. முழு எம்.பி.பி.எஸ். பட்டத்துக்குப் பதிலாக, அதைவிடக் குறைந்த எல்.எம்.எஸ். சான்றிதழே கிடைத்தது. அரசு மருத்துவப் பணிக்கான வழி அடைபட்டது. ஆச்சண்ட லக்ஷ்மிபதி நடத்திய ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூறு விரிவுரையாளராகச் சேர்ந்தார். இதற்கிடையில் 1921இல் அவருடைய சகோதரர்கள் இருவர் சில நாள் இடைவெளியில் இறந்து போனார்கள். ஸ்ப்ரூ என்ற நோய். குடல் உணவை உறிஞ்ச மறுத்து, ரத்தம் வற்றி, உடல் கரைந்துபோகும். சுப்பாராவுக்கும் அதே நோய் வந்து, லக்ஷ்மிபதியின் மருந்தில் பிழைத்தார்.

1923 அக்டோபரில் பாஸ்டனில் இறங்கினார். மாமனார் கொடுத்த பணம் பயணத்தோடு சரி. ஹார்வர்டின் வெப்பமண்டல மருத்துவப் பள்ளியில் இடம் கிடைத்ததே தவிர, உதவித்தொகை கிடைக்கவில்லை. இந்திய மருத்துவச் சான்றிதழை வைத்துக்கொண்டு அங்கே மருத்துவம் பார்க்கவும் முடியாது. ஒரு மருத்துவமனையில் இரவுப் பணியாளாகச் சேர்ந்து, நோயாளிகளின் மலசலப் பாத்திரங்களைக் கழுவிக்கொண்டே படித்தார். டிப்ளமோ வாங்கியபின் ஓட்டோ ஃபோலினின் உயிர்வேதியியல் துறைக்குப் போய்ச் சேர்ந்தார். சைரஸ் ஃபிஸ்க் என்பவரோடு வேலை.

இங்கே நாம் கொஞ்சம் நிற்க வேண்டும்.

ஃபிஸ்க் அவரிடம் கொடுத்த முதல் வேலை, பார்வைக்குச் சாதாரணமானது. ரத்தத்திலும் சிறுநீரிலும் தசையிலும் பாஸ்பரஸ் எவ்வளவு இருக்கிறது என்று அளக்க ஒரு நல்ல முறை வேண்டும். அமிலத்தில் மாலிப்டேட் உப்பைச் சேர்த்தால் அது பாஸ்பேட்டோடு கூடும். அந்தக் கூட்டுப்பொருளை ஒடுக்கினால் நீல நிறம் வரும். நீலம் எவ்வளவு அடர்த்தியோ அவ்வளவு பாஸ்பரஸ். தத்துவம் முன்பே தெரிந்ததுதான். ஆனால் பழைய முறைகளில் நிறம் நிலையாக நிற்காது, மற்ற பொருட்கள் குறுக்கிடும். சுப்பாராவும் ஃபிஸ்க்கும் சரியான ஒடுக்கியைத் தேர்ந்தெடுத்து, சில நிமிடங்களில் முடிகிற, நம்பத்தக்க ஒரு முறையை 1925இல் வெளியிட்டார்கள். ஃபிஸ்க்-சுப்பாராவ் முறை என்று உலகம் முழுவதும் பெயர் பெற்றது. உயிர்வேதியியலில் மிக அதிகமாக எடுத்தாளப்பட்ட கட்டுரைகளில் அது ஒன்று. நம் ஊர்க் கல்லூரிச் செய்முறை வகுப்புகளில் சோதனைக் குழாயைப் பிடித்து நீல நிறத்துக்குக் காத்திருந்தவர்களில் பலருக்கு, சுப்பாராவ் என்பவர் நம் பக்கத்து மனிதர் என்று அப்போது தெரிந்திருக்காது. ஆங்கிலத்தில் அந்தப் பெயரின் நடுவிலும் ஒரு பெரிய எழுத்தைப் போட்டு, இரண்டு பெயர்களை ஒட்டவைத்தது போல எழுதுவது வழக்கம். அதுவும் ஒரு காரணம்.

இந்த முறையைத் தசைச் சாற்றில் பயன்படுத்தியபோது ஒரு விநோதம் கண்ணில் பட்டது. நிறம் வந்து நிற்க வேண்டிய நேரத்தில் நிற்கவில்லை. நீலம் மெல்ல மெல்ல ஏறிக்கொண்டே போயிற்று. சோதனைப் பிழை என்று ஒதுக்கியிருக்கலாம். அவர்கள் அப்படிச் செய்யவில்லை. தசைக்குள் ஏதோ ஒரு பொருளில் பாஸ்பேட் பிணைந்திருக்கிறது. அந்தப் பிணைப்பு பலவீனமானது. சோதனைக் குழாயின் அமிலத்திலேயே அது உடைந்து, பாஸ்பேட்டைக் கொஞ்சம் கொஞ்சமாக விடுகிறது என்று ஊகித்தார்கள். அதுவரை எல்லோரும் இதைச் சாதாரண பாஸ்பேட் என்றே கணக்கில் சேர்த்துவந்தார்கள், ஏனென்றால் பழைய முறைகளில் அளக்கும் முன்பே அது முழுவதும் உடைந்து போயிருக்கும். பூனையின் தசையிலிருந்து அந்தப் பொருளைப் பிரித்துப் பார்த்தபோது, ஒரு பங்கு பாஸ்பேட்டுக்கு ஒரு பங்கு கிரியாட்டின் இருந்தது. தசையைத் தூண்டிச் சுருங்க வைத்தால் அது குறைந்தது. ஓய்வு கொடுத்தால் மீண்டும் உருவானது. 1927இல் பாஸ்போகிரியாட்டின் என்று பெயரிட்டு அறிவித்தார்கள்.

ஏறத்தாழ அதே சமயம் லண்டனில் ஃபிலிப் எக்கிள்டன், கிரேஸ் எக்கிள்டன் தம்பதியினர் தவளைத் தசையில் இதே நிலையற்ற பாஸ்பேட்டைப் பார்த்துவிட்டார்கள். அது என்ன பொருள் என்று அவர்களுக்குப் பிடிபடவில்லை. ஆனால் பெயர் வைத்துவிட்டார்கள்: பாஸ்பாஜென். ஹைட்ரஜன், கிளைக்கோஜன் என்ற சொற்களின் வாலில் இருக்கும் அதே கிரேக்க விகுதி. பிறப்பிப்பது என்று பொருள். பாஸ்பேட்டைப் பிறப்பிப்பது எதுவோ அது பாஸ்பாஜென். என்னவென்று தெரியாத பொருளுக்கு, அது செய்யும் வேலையை வைத்துச் சூட்டிய பெயர்.

பாஸ்போகிரியாட்டின் என்ற துல்லியமான பெயர் வந்தபின் பாஸ்பாஜென் மறைந்து போயிருக்க வேண்டும். மறையவில்லை. 1928இல் மேயர்ஹோஃபும் லோமனும் நண்டின் தசையில் கிரியாட்டினுக்குப் பதில் ஆர்ஜினின் இருப்பதைக் கண்டார்கள். பூச்சிகளிலும் அப்படியே. மண்புழுவில் வேறொன்று. விலங்குக்கு விலங்கு பொருள் மாறினாலும் வேலை ஒன்றுதான் என்று தெரிந்ததும், வேலையைக் குறித்த அந்தப் பழைய பெயர் ஓர் இனப்பெயராக நிலைத்துவிட்டது. இன்று பாஸ்பாஜென் என்றால் இந்த வகைப் பொருட்கள் அனைத்துக்கும் பொதுப்பெயர். மனிதனின் பாஸ்பாஜென் பாஸ்போகிரியாட்டின். நண்டின் பாஸ்பாஜென் பாஸ்போஆர்ஜினின். இரண்டும் ஒன்றென்று எழுதுவது தவறு. விளையாட்டுக் கையேடுகள் சில அப்படி எழுதுகின்றன.

தமிழில் இதை எப்படிச் சொல்வது? தமிழகப் பாடநூல்கள் பாஸ்பரஸ் என்கின்றன, இலங்கைப் பாடநூல்கள் பொசுபரசு என்கின்றன. மூலத்திலேயே உடன்பாடு இல்லாதபோது, அதிலிருந்து பிறந்த சொல்லுக்கு எங்கே போவது. 'பாஸ்பேட் ஈனி' என்று எனக்குத் தோன்றுகிறது. ஆனாலும் பாஸ்பாஜென் என்றே எழுதிவிடுவது வாசகருக்கு எளிது.

அந்தக் கண்டுபிடிப்பின் கனம் இன்று நமக்குச் சட்டென்று தெரியாது. தசை சுருங்க ஆற்றல் தருவது லாக்டிக் அமிலம் உண்டாகும் வினையே என்பது அன்றைய கோட்பாடு. அந்த ஆய்வுகளுக்காகவே ஹில்லும் மேயர்ஹோஃபும் 1922ஆம் ஆண்டுக்கான நோபல் பரிசு பெற்றிருந்தார்கள். 1930இல் டென்மார்க்கின் லுன்ட்ஸ்கார்ட், லாக்டிக் அமிலமே உண்டாகாதபடி நஞ்சூட்டிய தசையும் சுருங்குகிறது, அப்போது பாஸ்போகிரியாட்டின் செலவாகிறது என்று காட்டினார். கோட்பாடு சரிந்தது. அதற்குள் 1929இல் ஃபிஸ்க்கும் சுப்பாராவும், ஜெர்மனியில் லோமனும், தனித்தனியே இன்னொரு பொருளைத் தசையில் கண்டிருந்தார்கள். அதுதான் ஏ.டி.பி., எல்லா உயிர்களின் ஆற்றல் நாணயம். தசை சுருங்கும்போது நேரடியாகச் செலவாவது அதுதான். செலவானதை அந்தக் கணமே ஈடுகட்டுவது பாஸ்பாஜென். முழு வேகத்தில் ஓடும் ஒருவருக்கு இந்தக் கையிருப்பு சுமார் 10 வினாடி தாங்கும். ஏ.டி.பி.யின் வரலாற்றில் லோமனின் பெயர் முன்னால் நிற்கிறது. சுப்பாராவின் பெயரைப் பல பாடநூல்கள் சொல்வதே இல்லை.

1930இல் முனைவர் பட்டம். அதற்குப் பின்னும் பத்தாண்டுகள் ஹார்வர்டிலேயே கிடந்தார், நிரந்தரப் பதவி வரவில்லை. அதே ஆய்வகத்தில் மாணவராக இருந்து பின்னாளில் 1988இல் நோபல் பெற்ற ஜார்ஜ் ஹிச்சிங்ஸ், சுப்பாராவ் பிரித்தெடுத்த சில பொருட்களை ஃபிஸ்க் வெளியிட விடவில்லை என்றும், அவற்றை வேறு சிலர் பல ஆண்டுகள் கழித்து மறுபடியும் கண்டுபிடிக்க நேர்ந்தது என்றும் சொல்லியிருக்கிறார். சுப்பாராவ் தன் பங்கைப் பற்றிப் பொதுவில் வாய் திறந்தவரல்ல. சிலர் இதைத் துறவு மனம் என்பார்கள். எனக்கு அவ்வளவு நிச்சயமில்லை. வேற்று நாட்டில், குடியுரிமை பெற வழியில்லாத ஒரு மனிதருக்கு மௌனம்தான் பாதுகாப்பு என்றும் தோன்றியிருக்கலாம். இந்தியர்கள் அமெரிக்கக் குடியுரிமை பெறச் சட்டம் இடம் கொடுத்ததே 1946இல்தான்.

1940இல் நியூயார்க் மாநிலத்தின் பேர்ல் ரிவரில் இருந்த லெடர்லி ஆய்வகத்துக்குப் போனார். விரைவில் ஆராய்ச்சி இயக்குநரானார். மிச்சமிருந்த எட்டு வருடங்களில் அவருடைய குழுக்கள் செய்தவை வேறு எவருக்கும் ஓர் ஆயுளுக்குப் போதும். ஃபோலிக் அமிலம் 1945இல் செயற்கையாகத் தயாரானது. அது ஸ்ப்ரூ நோயின் ரத்தசோகையைக் குணப்படுத்தியது. சகோதரர்கள் இறந்து 24 ஆண்டுகள் ஆகியிருந்தன. ஃபோலிக் அமிலத்தின் உருவை ஒத்து, அதன் வேலையைத் தடுக்கும் அமினோப்டெரின் என்ற பொருளைப் பாஸ்டனில் சிட்னி ஃபார்பர் ரத்தப் புற்றுநோய் கண்ட குழந்தைகளுக்குக் கொடுத்தார். 16 குழந்தைகளில் 10 பேருக்கு நோய் தற்காலிகமாகப் பின்வாங்கியது என்று 1948 ஜூனில் செய்தி வெளியானது. அதன் தம்பிதான் மெதோட்ரெக்சேட். இன்று மூட்டுவாதக்காரர்களும் சாப்பிடுகிறார்கள். யானைக்கால் நோய்க்கு ஹெட்ரசான் என்ற டை எதில் கார்பமசைன் 1947இல் வந்தது. தமிழகக் கடலோர மாவட்டங்களில் சுகாதாரப் பணியாளர்கள் வீடு வீடாக வந்து கொடுத்த மாத்திரை அதுதான். டக்கர் கண்டுபிடித்த ஆரியோமைசின், டெட்ராசைக்ளின் குடும்பத்தின் முதல் மருந்து, இதே ஆய்வகத்திலிருந்து 1948இல் வெளியானது.

அந்த ஆண்டு ஆகஸ்டில் ஓரிரவு தூக்கத்தில் மாரடைப்பால் இறந்தார். வயது 53. 1923இல் விட்டு வந்த மனைவி சேஷகிரியை அதற்குப் பிறகு அவர் பார்க்கவில்லை. ஊருக்கு ஒருமுறைகூடத் திரும்பியதில்லை.

அவர் வேலை பார்த்த நிறுவனத்தின் ஆய்வாளர்கள் 1953இல் புதிதாக அடையாளம் கண்ட ஒரு பூஞ்சைக்கு சுப்பரோமைசிஸ் ஸ்ப்ளென்டென்ஸ் என்று பெயரிட்டார்கள். இந்திய அரசு அவருடைய நூற்றாண்டான 1995இல் ஒரு தபால்தலை வெளியிட்டது.