மருத்துவமனையில் இருந்தபடியே இரு தேர்தல்களில் வென்ற எம்.ஜி.ஆர்.

கோலார் தங்கவயல்: நந்திதுர்க் உள்ளிட்ட தங்கச் சுரங்கங்களில் உழைத்தவர்களில் பெரும்பாலோர் வட ஆற்காடு, சேலம் முதலிய பகுதிகளிலிருந்து குடியேறிய தமிழர்கள். கர்நாடகத்தில் இருந்தும், எம்.ஜி.ஆர். தொடங்கிய அதிமுகவின் வேட்பாளரை இத்தொகுதி சட்டப்பேரவைக்கு அனுப்பியதுண்டு. அவர் இங்கே போட்டியிட்டதே இல்லை. திரையும் சுவரொட்டியும் கொண்டுவந்து சேர்த்த உருவத்தின் வீச்சு அத்தகையது.

இலங்கையின் நாவலப்பிட்டியில் 1917 ஜனவரி 17 அன்று பிறந்த எம்.ஜி.ராமச்சந்திரன், வறுமையால் சிறுவயதிலேயே நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். 1936-இல் திரைக்கு வந்தார். 1953-இல் திமுகவில் இணைந்தார். குடிக்காத, ஏழைக்காகப் போராடும் நாயகன் என்ற வார்ப்பைப் படத்துக்குப் படம் கவனமாகக் காத்துவந்தார்.

1967 ஜனவரி 12 அன்று ராமாவரம் இல்லத்தில் நடிகர் எம்.ஆர்.ராதா அவரைச் சுட்டார். மேடையில் அரசியலையும் மதத்தையும் எள்ளி நகையாடிப் புகழ்பெற்றவர் ராதா. கழுத்தில் கட்டுடன் மருத்துவமனையில் இருந்த எம்.ஜி.ஆரின் புகைப்படம் சுவரொட்டியாகி ஊரெங்கும் பரவியது. பிரசாரத்துக்குச் செல்ல இயலாத நிலையிலும், பரங்கிமலைத் தொகுதியில் 27,674 வாக்குகள் வித்தியாசத்தில் வென்றார். அரிசித் தட்டுப்பாடும் 1965-ஆம் ஆண்டின் இந்தி எதிர்ப்புப் போராட்டமும் காங்கிரசை ஏற்கெனவே பலவீனப்படுத்தியிருந்தன. ஆட்சி மாற்றம் முழுவதையும் ஒரு படத்தின் கணக்கில் எழுதுவது மிகை.

குண்டுக் காயத்தால் அவரது பேச்சு குழறியது. 1972-இல் அவர் தனிக்கட்சி கண்டபின், எதிரணி மேடைகள் அக்குரலைப் போலிசெய்து சிரிப்பூட்டின. கேலிச்சித்திரங்கள் வெள்ளைத் தொப்பியையும் கறுப்புக் கண்ணாடியையும் பிடித்துக்கொண்டன. கேலி திசைமாறியது: குழறிய குரல் கேட்டவர்க்குத் துப்பாக்கிக் குண்டையே நினைவூட்டியது. தொப்பியும் கண்ணாடியும் வரைந்தாலே ஆள் தெரியும் என்பதோ, காசு கொடுத்தாலும் கிடைக்காத விளம்பரம்.

1977-இல் முதலமைச்சரானார். 1984 அக்டோபரில் சிறுநீரகம் செயலிழந்து, பின்னர் நியூயார்க்கின் புரூக்ளின் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டார். அவர் உயிருடன் இருக்கிறாரா என்றே வதந்தி பரவியது. மருத்துவமனையில் அவர் இருக்கும் காணொளிக் காட்சிகள் தமிழகத்து ஊர்களில் திரையிடப்பட்டன. இந்திரா காந்தி படுகொலையின் அனுதாப அலையும் கூட்டணிக்குச் சேர, டிசம்பர் தேர்தலில் அதிமுக 132 இடங்களைப் பிடித்தது. ஆண்டிபட்டியில் கால்வைக்காமலேயே அவர் அங்கு வென்றார்.

1987 டிசம்பர் 24 அன்று பதவியில் இருக்கும்போதே காலமானார். 1992-இல் ஆய்வாளர் எம்.எஸ்.எஸ்.பாண்டியன், திரையின் உருவத்தையும் ஆட்சியின் வரவு செலவையும் ஒப்பிட்டு நூல் எழுதினார். 1982-இல் தொடங்கிய சத்துணவுத் திட்டம் ஏழைக் குழந்தைகளுக்குச் சோறிட்டது. குடிக்காத அந்த நாயகனின் கஜானாவை நிரப்பியதில் ஏழைகள் குடித்த சாராயத்தின் வரிக்கும் பெரும்பங்கு இருந்தது.