ஆஸ்கர் ஜெயித்தார்... ஆனால் உட்கார இடம்? யார் இந்த ஹாட்டி மெக்டேனியல்?

1940 பிப்ரவரி 29. லாஸ் ஏஞ்சல்ஸ் நகரின் அம்பாசடர் ஹோட்டலில் ஆஸ்கர் விழா. 'கான் வித் தி விண்ட்' படக்குழுவின் நட்சத்திரங்கள் எல்லாம் தயாரிப்பாளரோடு ஒரே மேஜையில். அதே படத்தில் நடித்த ஒருவருக்கு மட்டும் தள்ளி, சுவர் ஓரமாக ஒரு சின்ன மேஜை. காரணம், அவர் கறுப்பினப் பெண். அந்த ஹோட்டலுக்குள் கறுப்பினத்தவருக்கு அனுமதியே கிடையாது. தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் தனியாகக் கேட்டுக்கொண்டதால்தான் அவரை உள்ளேயே விட்டார்கள்.

கொஞ்ச நேரத்தில் சிறந்த துணை நடிகை விருது அறிவிக்கப்படுகிறது. வென்றவர், அந்தச் சுவர் ஓரத்து மேஜையில் இருந்த ஹாட்டி மெக்டேனியல். ஆஸ்கர் வென்ற முதல் கறுப்பினக் கலைஞர்!

எங்கிருந்து வந்தார்?

ஹாட்டி 1893-ல் கன்சாஸ் மாநிலத்தின் விச்சிட்டா நகரில் பிறந்தவர். 13 குழந்தைகளில் கடைசி. அப்பா, அம்மா இருவருமே அடிமைகளாகப் பிறந்தவர்கள். அப்பா ஹென்றி, அமெரிக்க உள்நாட்டுப் போரில் கறுப்பினப் படைப்பிரிவில் சேர்ந்து போரிட்டவர். அம்மா சூசன் தேவாலயப் பாடகி, வீட்டு வேலையும் செய்தவர். குடும்பம் பிறகு கொலராடோவின் டென்வருக்குக் குடிபெயர்ந்தது. வறுமைக்குக் குறைவில்லை, பாட்டுக்கும் குறைவில்லை.

அண்ணன்கள் நடத்திய மேடைக் குழுவில்தான் ஹாட்டியின் கலை வாழ்க்கை தொடங்கியது. பாடுவார், ஆடுவார், சொந்தமாகப் பாட்டும் எழுதுவார். 1920-களில் டென்வர் வானொலியில் பாடினார், இசைத்தட்டுகளும் வெளியிட்டார். எல்லாம் கூடி வரும் நேரத்தில், 1929-ல் பங்குச்சந்தை சரிந்து அமெரிக்காவே ஆட்டம் கண்டது. மேடை வாய்ப்புகள் காணாமல் போயின.

அப்புறம் என்ன செய்தார்? மில்வாக்கி அருகே ஒரு விடுதியில் பெண்கள் கழிப்பறையைக் கவனித்துக்கொள்ளும் வேலைக்குச் சேர்ந்தார். அங்கேயே ஒருநாள் பாட வாய்ப்பு கிடைக்க, கழிப்பறை வேலையிலிருந்து மேடைக்குப் போனார்.

ஹாலிவுட் கொடுத்த வேடம் ஒன்றுதான்

1931-ல் லாஸ் ஏஞ்சல்ஸ் வந்தார். அண்ணன் சாம், அக்கா எட்டா ஏற்கெனவே அங்கே சின்னச் சின்ன வேடங்களில் நடித்துக்கொண்டிருந்தார்கள். ஹாட்டிக்கும் கூட்டத்தில் ஒருத்தியாக நிற்கும் வேடங்கள் கிடைத்தன. அந்தக் காசு போதவில்லை. படப்பிடிப்பு இல்லாத நாட்களில் வீட்டு வேலை, துணி துவைப்பு. படப்பிடிப்பு இருந்தால் அதே வேலைக்காரி வேடம், கேமரா முன்னால்!

1934-ல் ஜான் ஃபோர்டு இயக்கிய 'ஜட்ஜ் ப்ரீஸ்ட்' படம்தான் கவனம் பெற்றுத் தந்தது. அடுத்த வருடம் 'ஆலிஸ் ஆடம்ஸ்'. பணக்காரர்கள்போல் காட்டிக்கொள்ளும் ஒரு குடும்பம், விருந்துக்கு மட்டும் வாடகைக்கு வேலைக்காரி வைக்கிறது. அந்த வேலைக்காரியாக வந்து, எதற்கும் அசராமல், முகபாவத்திலேயே மொத்த விருந்தையும் கேலிக்கூத்தாக்கிவிடுவார் ஹாட்டி. வேலைக்காரி இப்படி எதிர்த்து நிற்பதா என்று தென் மாநிலங்களில் சிலருக்குக் கோபமே வந்தது.

இதுதான் அவருடைய பாணி. வேடம் அடங்கிப்போகிற வேடம். ஆனால் இவர் அடங்கமாட்டார். முதலாளியைக் கண்ணால் எடை போடுவார், முணுமுணுப்பார், சரிக்குச் சரி பேசுவார். 300 படங்கள் வரை தலைகாட்டியிருப்பார் என்பார்கள். திரையில் பெயர் வந்தது சுமார் 80 படங்களில்தான். அவற்றில் பெரும்பாலானவை வேலைக்காரி வேடங்களே.

தன் படத்தின் விழாவுக்கே அழைப்பில்லை

'கான் வித் தி விண்ட்' படத்தின் மாமி வேடத்துக்குப் பெரிய போட்டி. அன்றைய அமெரிக்க அதிபரின் மனைவி எலினார் ரூஸ்வெல்ட்டே தன் பணிப்பெண்ணைப் பரிந்துரைத்தார் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். கடைசியில் வேடம் ஹாட்டிக்குக் கிடைத்தது. கதாநாயகி ஸ்கார்லெட்டை வளர்த்தவர், அவளைத் திட்டும் உரிமையும் உள்ளவர் மாமி. ஸ்கார்லெட்டின் பொய்களை முதலில் கண்டுபிடிப்பதும் அவர்தான்.

1939 டிசம்பரில் அட்லாண்டாவில் படத்தின் பிரம்மாண்ட முதல் காட்சி. ஜார்ஜியா மாநிலத்தில் அப்போது நிறப் பாகுபாடு சட்டமாகவே இருந்தது. கறுப்பின நடிகர்கள் யாரும் வர முடியாது. நண்பரான கதாநாயகன் கிளார்க் கேபிள், ஹாட்டி இல்லாவிட்டால் நானும் வரமாட்டேன் என்று மல்லுக்கு நின்றதாகவும், ஹாட்டியே சமாதானம் சொல்லி அவரை அனுப்பிவைத்ததாகவும் சொல்லப்படுகிறது.

இரண்டு மாதம் கழித்து நடந்ததுதான் அந்த ஆஸ்கர் இரவு. அதே படத்தில் நடித்த ஒலிவியா டி ஹாவிலண்டையும் முந்தி வென்றார். கூந்தலில் வெள்ளைப் பூ சூடி மேடையேறியவர், தன் இனத்துக்கும் திரைத்துறைக்கும் பெருமை சேர்க்க விரும்புவதாகச் சொல்லி, கண்ணீரோடு இறங்கினார். இறங்கிப் போனது அதே சுவர் ஓரத்து மேஜைக்கு. இன்னொரு தகவல்: துணை நடிகர்களுக்கு அப்போது தங்கச் சிலை தரமாட்டார்கள். சின்னப் பட்டயம் மட்டும்தான்.

சொந்த மக்களே ஏன் எதிர்த்தார்கள்?

விருதுக்குப் பிறகு பெரிய வேடங்கள் வந்திருக்குமே? அதுதான் இல்லை. மறுபடியும் வேலைக்காரிதான். இன்னொரு பக்கம், கறுப்பின உரிமை அமைப்பான என்.ஏ.ஏ.சி.பி.யின் தலைவர் வால்டர் வைட், 1942-ல் ஹாலிவுட் வந்து ஸ்டூடியோ முதலாளிகளைச் சந்தித்தார். எப்போதும் வேலைக்காரர், கோமாளி என்றே எங்களைக் காட்டாதீர்கள் என்பது அவர் கோரிக்கை. திரையில் பார்ப்பதைத்தானே வெள்ளையர்கள் நிஜம் என்று நம்புகிறார்கள்? அடிமைகள் சந்தோஷமாக இருந்ததுபோலக் காட்டும் படங்கள் யாருக்கு லாபம்?

கேள்வி நியாயமானது. ஆனால், அந்த வேடங்களில் நடித்துதான் ஹாட்டி போன்றவர்களின் வீட்டில் அடுப்பு எரிந்தது. வீடு வீடாகப் பாத்திரம் கழுவுவதைவிட, கழுவுகிறமாதிரி நடித்துப் பல மடங்கு சம்பளம் வாங்குவது மேல் என்பது அவர் வாதம். இரண்டையும் செய்து பார்த்தவர் அவர். நிஜத்தில் மற்ற வேடங்கள் புதிதாக வரவில்லை, இருந்த வேடங்களும் குறைந்தன. 1949-ல் வந்ததே அவரது கடைசி சினிமா.

வீட்டுக்காக நடந்த வழக்கு

பலருக்கும் தெரியாத இன்னொரு ஹாட்டி உண்டு. லாஸ் ஏஞ்சல்ஸில் 'சுகர் ஹில்' என்று அழைக்கப்பட்ட பகுதியில் அவர் வீடு வாங்கினார். கறுப்பினத்தவருக்கு விற்கக் கூடாது என்று அங்கே பத்திரத்திலேயே நிபந்தனை இருந்தது. வெள்ளையர்கள் சிலர் வழக்குப் போட்டார்கள். ஹாட்டியும் அக்கம்பக்கத்தில் இருந்த மற்ற கறுப்பினத்தவரும் சேர்ந்து எதிர்த்து நின்றார்கள். 1945 டிசம்பரில் நீதிபதி தர்மண்ட் கிளார்க் அந்த வழக்கைத் தள்ளுபடி செய்தார். 1948-ல் வேறொரு வழக்கில், இப்படிப்பட்ட நிபந்தனைகளை எந்த நீதிமன்றமும் அமல்படுத்தக் கூடாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றமே தீர்ப்பளித்தது.

வானொலியிலும் சாதித்தார். 'பியூலா' என்ற தொடரில், கறுப்பின வேலைக்காரிக்கு அதுவரை குரல் கொடுத்தவர்கள் வெள்ளைக்கார ஆண்கள்! 1947-ல் அந்த இடத்துக்கு ஹாட்டி வந்தார். கொச்சையாகப் பேசச் சொல்லக் கூடாது என்று நிபந்தனை போட்டே ஒப்புக்கொண்டார்.

இறந்த பிறகும் இடமில்லை

மார்பகப் புற்றுநோயால் 1952 அக்டோபர் 26 அன்று, 59 வயதில் இறந்தார். ஹாலிவுட் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்ய வேண்டும் என்பது கடைசி ஆசை. வெள்ளையர்களுக்கு மட்டும் என்று சொல்லி மறுத்துவிட்டார்கள். வேறு வழியின்றி ரோஸ்டேல் கல்லறைக்குக் கொண்டுபோனார்கள். அவர் விரும்பிய இடத்தில் நினைவுக்கல் வைக்க 1999 வரை ஆனது.

ஆஸ்கர் பட்டயத்தை வாஷிங்டனில் உள்ள ஹோவர்டு பல்கலைக்கழகத்துக்கு எழுதி வைத்திருந்தார். அங்கிருந்து அது தொலைந்துபோனது. எப்படி என்பது இன்றுவரை புதிர். 2023 அக்டோபரில் ஆஸ்கர் அகாடமி புதிய பட்டயம் ஒன்றைச் செய்து பல்கலைக்கழகத்திடம் வழங்கியது.

ஹாட்டிக்குப் பிறகு நடிப்புக்காக ஆஸ்கர் வாங்கிய அடுத்த கறுப்பினப் பெண் வூப்பி கோல்ட்பர்க். படம் 'கோஸ்ட்', வருடம் 1991. நடுவில் போனது 51 வருடங்கள். அந்த விருதும் துணை நடிகைக்குத்தான். சிறந்த கதாநாயகி விருது கறுப்பினப் பெண் ஒருவருக்குக் கிடைக்க 2002 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. வாங்கியவர் ஹாலி பெர்ரி.