சங்கரதாஸ் சுவாமிகள்

தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டியில் 1867ஆம் ஆண்டு சங்கரதாஸ் பிறந்தார். தந்தையாரிடம் தமிழ் கற்றார். உப்புப் பண்டகசாலையில் கணக்கராகப் பணிபுரிந்தார். 24ஆம் வயதில் அப்பணியைத் துறந்து நாடகமேடை ஏறினார்.

எமன், சனீஸ்வரன், இரணியன் முதலிய அச்சமூட்டும் வேடங்கள் அவருக்குப் புகழ் தந்தன. ஒருமுறை சனீஸ்வரன் வேடத்தைக் கலைப்பதற்காக, விடியற்காலையில் நீர்நிலைக்குச் சென்றார். அவ்வுருவத்தைக் கண்ட பெண் ஒருத்தி அஞ்சி உயிர்நீத்தாள் என்பர். அது அவர் உள்ளத்தை வாட்டியது. அன்றுமுதல் வேடம் புனைவதை விடுத்து, நடிப்பைக் கற்பிக்கும் ஆசிரியரானார்.

1918ஆம் ஆண்டு மதுரையில் ‘தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை’யை நிறுவினார். சிறுவர்களே அதன் நடிகர்கள். அவர்கள் குழுவுடனேயே தங்கி, பாடலும் உரையாடலும் நடிப்பும் பயின்றனர். தி. க. சண்முகமும் அவர்தம் தமையன்மாரும் அங்குப் பயின்றவர்களே. சிறுவன் சண்முகத்துக்காகச் சுவாமிகள் ‘அபிமன்யு சுந்தரி’ நாடகத்தை ஒரே இரவில் எழுதி முடித்தார்.

வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன் எனப் பல நாடகங்களை இயற்றிய அவருடைய பேச்சை, இறுதிக்காலத்தில் வாதநோய் பறித்தது. 1922 நவம்பர் 13 அன்று புதுச்சேரியில் மறைந்தார். அவர் கற்பித்த தமிழோ, மாணவர்களின் குரலில் மேடைதோறும் ஒலித்தது. ‘தமிழ் நாடகத் தலைமையாசிரியர்’ என நாடக உலகம் அவரைப் போற்றுகிறது.

சொற்பொருள்
துறந்து – விட்டு நீங்கி
புனைதல் – அணிதல்
தமையன் – அண்ணன்

வினாக்கள்
1. சுவாமிகள் வேடம் புனைவதை ஏன் விடுத்தார்?
2. பால சபையில் சிறுவர்கள் எவற்றைப் பயின்றனர்?