சிறைவாசலில் ஒரு சிறுவன்

ஆங்கில நாவலாசிரியர்களுள் தலைசிறந்தவராகிய சார்லஸ் டிக்கன்ஸ் (1812–1870) பன்னிரண்டாம் வயதில் கூலிவேலைக்குச் சென்றவர். அவர் வாழ்ந்த காலத்தில் அவருடைய பிள்ளைகள்கூட இதை அறியவில்லை.

தந்தை ஜான் டிக்கன்ஸ் கடற்படைச் சம்பள அலுவலகத்தில் எழுத்தர். அன்பானவர், ஆனால் வரவறிந்து செலவிடத் தெரியாதவர். லண்டனுக்குக் குடிவந்தபின் கடன் முற்றியது. வீட்டுப் பொருள்களை விற்கவும் அடகு வைக்கவும் கடை கடையாக ஏறி இறங்கியவன் மூத்த மகன் சார்லஸ்தான். அவன் உயிராய் நேசித்த புத்தகங்களே முதலில் போயின.

1824 பிப்ரவரியில், அவனுக்கு 12 வயது நிறைந்த இரண்டாம் நாள், தேம்ஸ் நதிக்கரையில் இருந்த பூட்ஸ் பாலிஷ் தொழிற்சாலை ஒன்றில் வேலைக்குச் சேர்த்துவிட்டனர். எலிகள் ஓடித்திரியும் பாழடைந்த கட்டடம் அது. புட்டிகளின் வாயைக் காகிதத்தால் மூடி, நூலால் கட்டி, பெயர்ச்சீட்டு ஒட்டவேண்டும். வாரக்கூலி 6 ஷில்லிங்.

இரண்டு வாரங்கள்கூட ஆகவில்லை. ரொட்டிக் கடைக்காரருக்குத் தரவேண்டிய சுமார் 40 பவுண்டுக்காகத் தந்தை மார்ஷல்சீ சிறையில் அடைக்கப்பட்டார். கடனாளியின் குடும்பமும் சிறையிலேயே உடன் தங்க அக்காலத்தில் அனுமதி இருந்தது. எனவே சில வாரங்களில் தாயும் இளைய குழந்தைகளும் அங்கேயே குடியேறினர். சார்லஸ் மட்டும் வெளியே தனியாக நின்றான். வாடகை தவிர மற்ற செலவையெல்லாம் அந்த 6 ஷில்லிங்கிலேயே அவன் முடித்துக்கொள்ள வேண்டும். கூலிப்பணத்தை நாளுக்கு ஒன்றாகச் சிறு பொட்டலங்களில் கட்டி, ஒவ்வொன்றின்மீதும் கிழமையின் பெயரை எழுதிவைப்பான். ஆனாலும் காலையில் பலகாரக் கடையைக் கண்டால் பசி வென்றுவிடும். மதிய உணவுக்கான காசு அங்கேயே தீர்ந்துபோகும். குழந்தைதானே!

தனிமை தாங்காமல் தந்தையிடம் அழுதபின், சிறைக்கு அருகிலேயே அவனுக்கு ஓர் அறை பார்க்கப்பட்டது. அதன்பின் காலையுணவும் இரவுணவும் சிறைக்குள் குடும்பத்தோடு.

ஒருநாள் வேலையிடத்தில் விலாவலியால் துடித்தான். உடன் வேலைசெய்த பாப் ஃபேகின், வெந்நீர் நிரப்பிய புட்டிகளை விலாவில் வைத்து அரைநாள் ஒத்தடம் கொடுத்தான். மாலையில் தனியே விட மனமின்றித் துணைக்கும் வந்தான். சிறைக்குப் போகிறேன் என்று சொல்ல நா எழவில்லை சார்லஸுக்கு. வழியில் ஏதோ ஒரு வீட்டைத் தன் வீடென்று காட்டி விடைபெற்றான். அவன் திரும்பிப் பார்த்தால் என்ன செய்வது என்று அஞ்சி, அவ்வீட்டுக் கதவையும் தட்டினான்.

மே 28-இல் தந்தை விடுதலையானார். மகனின் வேலையோ மேலும் பல மாதங்கள் நீடித்தது. பிறகு தந்தைக்கும் தொழிற்சாலையை நடத்திய உறவினருக்கும் பிணக்கு ஏற்பட்டு வேலை போயிற்று. சமாதானம் பேசி அவனை மீண்டும் அனுப்பவே தாய் விரும்பினார். பள்ளிக்கே செல்லவேண்டும் என்று தந்தை உறுதியாக நின்றார். பிற்காலத்தில் தந்தையின் ஊதாரித்தனத்தைக்கூட மன்னித்த டிக்கன்ஸால் தாயின் அந்த விருப்பத்தை மறக்க முடியவில்லை.

அந்த நாட்களைப் பற்றி எழுதிய சில பக்கங்களை நண்பர் ஜான் ஃபாஸ்டரிடம் அவர் காட்டினார். சிறையில் பிறந்து, தையல் வேலை செய்து, சிறைப்பட்ட தந்தையைக் காக்கும் ஒரு பெண்ணை 'லிட்டில் டோரிட்' நாவலின் நாயகியாக்கினார். அச்சிறையின் பெயர் மார்ஷல்சீ. நண்பர் எழுதிய வாழ்க்கை வரலாறு வெளிவந்தபோதுதான், தந்தையின் இளமையைப் பிள்ளைகள் அறிந்தனர். அப்போது டிக்கன்ஸ் உயிரோடு இல்லை.