தடையை மீறிச் சென்ற நடிகை

1941-ம் ஆண்டு நவம்பர் மாதம். ஜெர்மனியின் தலைநகரான பெர்லினை அடுத்த ஒரு கல்லறைத் தோட்டம்.

அங்கே ஒரே குடும்பத்தைச் சேர்ந்த மூன்று பேர் அடக்கம் செய்யப்பட்டார்கள். கணவர், மனைவி, அவர்களுடைய சிறு மகன்.

அந்தச் சாவுக்கு யாரும் போகக் கூடாது என்று ஹிட்லரின் பிரசார மந்திரி கோயபல்ஸ் தடை போட்டிருந்தார். அப்படியும் ஒரு சிலர் போனார்கள். அவர்களில் ஒருவர், ஜெர்மனியின் புகழ் பெற்ற நடிகை பிரிகிட்டே ஹார்னி.

டாக்டரின் மகள்

ஹார்னி 1911-ம் ஆண்டு மார்ச் 29-ந் தேதி பெர்லினில் பிறந்தார். மூன்று பெண்களில் மூத்தவர். தாயார் கேரன் ஹார்னி, உலகப் புகழ் பெற்ற மனநோய் டாக்டர்.

1932-ல் தாயார் அமெரிக்காவுக்குப் போய்விட்டார். மகள் ஜெர்மனியிலேயே தங்கினார். காரணம், அவர் அதற்குள் நடிகை ஆகிவிட்டார்.

1930-ல், 19-வது வயதில் "விடைபெறுதல்" என்ற பேசும் படத்தில் அறிமுகமானார். சற்றுக் கனத்த குரல் அவருக்கு. 1934-ல் "காதல், மரணம், சாத்தான்" என்ற படத்தில் அவர் பாடிய பாட்டு நாடெங்கும் ஒலித்தது.

படத்தில் ஜோடி

ஹார்னியும் நடிகர் யோவாகிம் கோட்சால்க்கும் 4 படங்களில் சேர்ந்து நடித்தார்கள். "நல்ல ஜோடி" என்று ரசிகர்கள் கொண்டாடினார்கள்.

கோட்சால்க்கின் மனைவி மேட்டா ஒரு யூதப் பெண். யூதர்களை ஹிட்லர் ஆட்சி வேட்டையாடிய காலம் அது. "மனைவியை விவாகரத்து செய்" என்று கோட்சால்க்கை அதிகாரிகள் நெருக்கினார்கள். அவர் மறுத்தார்.

அவருக்குப் படங்கள் நின்றுபோயின. மனைவியையும் மகனையும் தன்னிடமிருந்து பிரித்து நாடு கடத்திவிடுவார்கள் என்ற நிலை வந்தது. நவம்பர் 6-ந் தேதி மூவரின் வாழ்வும் வீட்டிலேயே முடிந்தது.

அந்தக் குடும்பத்தை வழியனுப்பத்தான் ஹார்னி தடையை மீறிப் போனார். எந்த நடிகரையும் ஒரே நாளில் இருந்த இடம் தெரியாமல் செய்யக்கூடிய அதிகாரம் கோயபல்சுக்கு உண்டு. அது தெரிந்தேதான் போனார்.

குறையும் உண்டு

ஹார்னி அரசாங்கத்தை எதிர்த்துப் போராடியவர் அல்ல. 1940-ல் வெளிவந்த "பகைவர்கள்" என்ற படம் போலந்து நாட்டு மக்களைக் கொடியவர்களாகக் காட்டிய பிரசாரப் படம். அதில் கதாநாயகி ஹார்னிதான்.

1943-ல் வெளிவந்த "மூன்ஷௌசன்" என்ற வண்ணப் படத்தில் ரஷிய மகாராணி கேதரினாக நடித்தார். பீரங்கிக் குண்டின் மேல் ஏறிப் பறந்ததாகக் கதை அளக்கும் பிரபுவின் கதை அது. அதற்கு வசனம் எழுதிய எரிக் கெஸ்ட்னரின் புத்தகங்களை 1933-ல் தீயில் போட்டிருந்தார்கள். அதனால் அவர் வேறு பெயரில் எழுத வேண்டியிருந்தது.

சண்டைக்குப் பிறகு

உலக யுத்தம் முடிந்ததும் ஹார்னி சுவிட்சர்லாந்தில் சூரிச் நகர நாடக மேடையில் நடித்தார். பிறகு அமெரிக்கா சென்றார். அங்கே பாஸ்டன் நகர அருங்காட்சியகத்தில் பணி புரிந்த ஹான்ஸ் ஸ்வார்சென்ஸ்கி என்ற கலை அறிஞரை மணந்துகொண்டார். அமெரிக்காவில் வீடு, ஜெர்மனியில் படப்பிடிப்பு என்று காலம் ஓடியது.

1947-ல் கோட்சால்க் குடும்பத்தின் கதை "நிழலில் ஒரு திருமணம்" என்ற படமாக வந்தது. பெர்லின் மக்கள் கண்ணீருடன் பார்த்தார்கள்.

டெலிவிஷனில் பாட்டி

70 வயதைத் தாண்டியபின் ஹார்னிக்கு மறுபடியும் பெரும் புகழ் வந்தது. 1980-களில் "யாக்கோபும் அடேலும்" என்ற டெலிவிஷன் தொடரில், முதுமையில் நட்புக் கொள்ளும் இருவரில் ஒருவராக நடித்தார். 1987-ல் தொடங்கிய "குல்டன்பர்க் குடும்பச் சொத்து" தொடரில் பணக்கார வீட்டுப் பெரிய அம்மாளாக வந்தார். முன்பு அவருடைய படங்களைப் பார்த்தவர்கள் இப்போது பேரன் பேத்திகளுடன் உட்கார்ந்து பார்த்தார்கள்.

அந்தத் தொடருக்கு நடித்துக்கொண்டிருந்த காலத்திலேயே, 1988-ம் ஆண்டு ஜூலை 27-ந் தேதி ஹாம்பர்க் நகரில் காலமானார். வயது 77. நடித்தது 58 ஆண்டுகள்.

புகழோடு இருப்பவர் வீட்டுத் துக்கத்துக்கு ஊரே திரண்டு வரும். அரசின் கோபத்துக்கு ஆளானவர் வீட்டுத் துக்கத்துக்கு வருகிறவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். அப்படி எண்ணப்பட்டவர்களில் ஹார்னியும் ஒருவர்.