கை நடுங்கினாலும் படம் நடுங்கக் கூடாது!

நடந்துகிட்டே போனில் வீடியோ எடுக்கிறீங்க. படம் பெருசா ஆடுறதில்லை. போனுக்குள்ள இருக்கும் கைரோஸ்கோப் சென்சார் பார்த்துக்குது. ஆனா 'கேமராவைக் கையில் பிடிச்சு எடுத்தாலும் படம் ஆடக் கூடாது, அதுக்குக் கைரோஸ்கோப் உதவும்' என்று நூறு வருஷத்துக்கு முன்பே செய்து காட்டிய ஒரு இன்ஜினியரை உங்களுக்குத் தெரியுமா?

பெயர் கசிமியேஷ் ப்ருஷின்ஸ்கி. 1875ல் வார்சாவில் பிறந்தார். அப்போது உலக வரைபடத்தில் போலந்து என்ற நாடே கிடையாது; வார்சா ரஷ்யப் பேரரசின் கையில் இருந்தது. தாத்தா போட்டோகிராபர். அப்பா, எளிய மக்களுக்கு எழுத்தறிவு தரப் பாடப்புத்தகம் எழுதியவர். கேமராவும் மக்களும் இவர் ரத்தத்திலேயே இருந்தது என்று சொல்லலாம்.

1894ல், அதாவது 19 வயதில், 'பிளியோகிராஃப்' என்ற கருவியைச் செய்தார். படம் எடுக்கவும் அதுதான், திரையில் காட்டவும் அதுதான். லூமியே சகோதரர்கள் பாரிஸில் காசு வாங்கிப் படம் காட்டியது 1895 டிசம்பரில்! ஆனா வரலாறு லூமியே பெயரைத்தான் பிடிச்சுக்கிட்டது. ப்ருஷின்ஸ்கி அதோட நிற்கல. 1902ல் போலந்தின் முதல் கதைப் படத்தை எடுத்தார். இன்ஜினியரிங் படிச்சது பெல்ஜியத்தின் லியேஜ் நகரில்.

இப்போ அந்தக் காலத்து கேமராமேனை நினைச்சுப் பாருங்க. கேமரா முக்காலியில் நிற்கும். ஒரு கை விடாமல் கைப்பிடியைச் சுத்தணும், நொடிக்கு இரண்டு சுற்று. கை வேகம் மாறினா திரையில் ஆள் ஓடுவான், இல்லேன்னா ஊர்வான். கைப்பிடியைச் சுத்துற வரைக்கும் கேமராவைத் தூக்கிட்டு நகரவே முடியாது.

மோட்டார் வைக்கலாமேன்னு கேப்பீங்க. அன்றைய பேட்டரி கனம்! ப்ருஷின்ஸ்கி வேற வழி பிடித்தார்: அழுத்தப்பட்ட காற்று. சைக்கிளுக்கு அடிக்கிற மாதிரி பம்பால் காற்றை அடைச்சு வெச்சா, அந்தக் காற்றே பிலிமை ஓட்டும். இரண்டு கையும் ஃப்ரீ. ஆட்டத்தைக் குறைக்க உள்ளே சுழலும் கைரோஸ்கோப். போன் சென்சார் அசைவை அளந்து சொல்லும். இவரோடது சுழற்சியின் வலுவாலேயே அசைவை எதிர்க்கும். இந்த 'ஏரோஸ்கோப்' 1910ல் இங்கிலாந்தில் காப்புரிமை பெற்றது.

அதுக்கப்புறம் கேமரா முக்காலியை விட்டு இறங்கிடுச்சு. செரி கியர்ட்டன் அதை ஆப்பிரிக்கக் காடுகளுக்குக் கொண்டுபோய் விலங்குகளைப் படமெடுத்தார். விமானத்தில் ஏறியது. முதல் உலகப் போரின் போர்க்களத்துக்கும் போனது.

அடுத்து, சாதாரண ஜனங்களும் வீட்டில் படமெடுக்க 'ஓகோ' என்ற கேமராவைச் செய்தார். போலிஷ் மொழியில் ஓகோ என்றால் 'கண்'. வியாபாரமாக அது எடுபடல. கடைசி வருஷங்களில் பார்வையற்றவர்கள் படிக்க உதவும் ஒரு கருவியில் உழைச்சுக்கிட்டிருந்தார்.

1944ல் நாஜிகளை எதிர்த்து வார்சா எழுந்தது. அந்த நாட்களில் ஜெர்மானியர்கள் அவரைப் பிடித்துச் சென்றார்கள். 1945 மார்ச்சில், போர் முடிய இரண்டு மாதம்கூட இல்லாதபோது, ஆஸ்திரியாவின் மவுத்ஹவுசன் வதை முகாமில் இறந்தார். வயது 69.

ப்ராஜெக்ட்டுக்குத் தலைப்புத் தேடுறீங்களா? இவர் செய்ததைக் கவனிங்க. யாரோ ஒருத்தரோட கை எங்கே கட்டுப்பட்டிருக்குன்னு பார்த்தார், அதை அவிழ்த்துவிட்டார். அவ்வளவுதான்.