சிம்சனில் இறங்கியவர்

மந்தைவெளியிலிருந்து பாரிமுனைக்குப் போகும் பேருந்து அண்ணா சாலையின் வட முனையை நெருங்கும்போது, நடத்துநர் சிம்சன் என்று குரல் கொடுப்பார். பள்ளிப் பருவம் முதல் அந்தக் குரலைக் கேட்டுவருகிறேன். இறங்குகிறவர்களுக்கு அங்கே இருக்கும் பெரியார் சிலை தெரியும். நிறுத்தத்துக்குப் பெயர் தந்த பழைய நிறுவனத்தின் கட்டடமும் தெரியும். அந்த நிறுவனத்தை ஆங்கிலேயர் கையிலிருந்து பெற்று, இந்த நகரத்தின் தொழில் முகத்தையே மாற்றிய மனிதரைத்தான் பலருக்குத் தெரியாது.

முதுகலைப் பொருளியல் வகுப்பில் ஒருமுறை, சென்னையின் வாகனத் தொழிலுக்கு அடித்தளம் இட்டவர் யார் என்று கேட்டேன். ஃபோர்டு என்றார்கள், ஹூண்டாய் என்றார்கள். ஒரு மாணவி டி.வி.எஸ். என்றார், அது பாதி சரி. எஸ். அனந்தராமகிருஷ்ணன் என்ற பெயரை ஒருவரும் சொல்லவில்லை. அவர்களைக் குறைகூறுவதற்கில்லை. அவர்களுக்குப் பாடம் நடத்திய நானே அதுவரை அந்தப் பெயரை வகுப்பில் உச்சரித்ததில்லை.

அனந்தராமகிருஷ்ணன் 1905-இல் பிறந்தவர். ஊர் அன்றைய திருநெல்வேலி மாவட்டத்தின் ஆழ்வார்குறிச்சி; மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் கடனா நதி பாயும் ஊர். செல்வக் குடும்பம் அல்ல. சென்னைக்கு வந்து கணக்குத் தணிக்கையைத் தொழிலாகக் கற்றார். எஞ்சினியரிங் படித்தவர் அல்லர் என்பதை நினைவில் கொள்ள வேண்டும்.

அவர் பிறந்த மறு ஆண்டு, 1906-இல், சென்னையின் பெருமைக்குரிய வணிக நிறுவனமாகிய ஆர்பத்நாட் திவாலானது. சேமிப்பை அங்கே வைத்திருந்த எத்தனையோ குடும்பங்கள் நிலைகுலைந்தன. அதன் எதிரொலியாக மயிலாப்பூர் வழக்கறிஞர் வி. கிருஷ்ணசாமி ஐயர் போன்றோரின் முயற்சியில் 1907-இல் இந்தியன் வங்கி பிறந்தது. ஆங்கிலேய நிறுவனங்களின் மீதிருந்த பிரமை அப்போதே சற்றுக் கலைந்துவிட்டது என்றாலும், அவற்றின் இயக்குநர் குழு அறைகளின் கதவு இந்தியர்களுக்குத் திறக்கவில்லை. துபாஷியாகலாம், எழுத்தராகலாம், காசாளராகலாம். மேசையின் மறுபக்கத்தில் உட்கார முடியாது.

சிம்சன் நிறுவனம் 1840-இல் குதிரை வண்டிகள் கட்டுவதற்காகத் தொடங்கப்பட்டது. மகாராஜாக்களுக்கும் அதிகாரிகளுக்கும் சாரட்டு வண்டிகள் செய்து பெயர்பெற்றது. 1903-இல் அங்கு பணியாற்றிய சாமுவேல் ஜான் கிரீன் என்பவர் நீராவியில் ஓடும் கார் ஒன்றை உருவாக்கிச் சென்னைத் தெருக்களில் ஓட்டிக் காட்டினார். இந்திய மண்ணில் கட்டப்பட்ட முதல் கார் அதுதான் என்பர். ஆனால் அந்த ஆர்வம் தொழிற்சாலையாக வளரவில்லை. வண்டி இங்கிலாந்திலிருந்தோ அமெரிக்காவிலிருந்தோ வரும். அதற்கு மேற்கூடு கட்டித் தருவதும் விற்பதும் பழுதுபார்ப்பதும் இங்கே நடக்கும். மூன்று தலைமுறைகள் இப்படியே கழிந்தன.

1930-களில் அனந்தராமகிருஷ்ணன் இந்த நிறுவனத்துக்குள் வந்தார். செயலாளர் பொறுப்பிலிருந்து உயர்ந்து, சிம்சனின் இயக்குநர் குழுவில் இடம்பெற்ற முதல் இந்தியர் ஆனார். இதைச் சம்பிரதாயமான பதவி உயர்வாகக் கருதிவிடக் கூடாது. ஒரு நிறுவனத்தின் கணக்கேடுகளை ஆண்டுக்கணக்கில் படிப்பவனுக்கு, அதில் பணம் எங்கிருந்து வருகிறது, எங்கே கசிகிறது என்பது முதலாளியைவிட நன்றாகத் தெரியும். அவருக்கும் அது தெரிந்திருக்க வேண்டும் என்றே நினைக்கிறேன்.

இன்று அமால்கமேஷன்ஸ் என அறியப்படும் குழுமம் 1938-இல் உருவானது. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் சிம்சனின் கட்டுப்பாடு அவர் கைக்கு வந்தது. அந்த ஆண்டுகளில் ஆங்கிலேயர்கள் ஊர் திரும்பும் மனநிலையில் இருந்தார்கள், பங்குகள் கைமாறின. கல்கத்தாவில் அவற்றைப் பெரும்பாலும் வாங்கியவர்கள் வெளியிலிருந்து வந்த வணிகர்கள்; சணலும் தேயிலையும் நிலக்கரியும் அவர்களுக்குக் கொழுத்த கையிருப்பாகத் தெரிந்தன. பல நிறுவனங்கள் சாறு பிழிந்த கரும்புச் சக்கையாயின. சென்னையில் சிம்சனை வாங்கியவர் உள்ளேயிருந்து எழுந்தவர். கிழக்கிந்திய நிறுவனங்களின் வரலாற்றைப் படிக்கும்போதெல்லாம் இந்த வேறுபாடு என் கண்ணில் படும்.

அடிசன், அசோசியேட்டட் பிரிண்டர்ஸ், ஹிக்கின்பாதம்ஸ், தி மெயில் நாளிதழ் ஆகியவை அடுத்தடுத்து அந்தக் குடையின் கீழ் வந்தன. என் முதல் பொருளியல் பாடநூலை நான் வாங்கியது அண்ணா சாலை ஹிக்கின்பாதம்ஸில்தான். சலவைக்கல் தரையில் செருப்புச் சத்தம் கேட்காமல் நடந்தது இன்றும் நினைவிருக்கிறது. அச்சகமும் புத்தகக் கடையும் செய்தித்தாளும் ஒரே தொழிலதிபரிடம் சேர்வது நல்லதா என்ற கேள்வி அப்போது எனக்குத் தோன்றவில்லை. இப்போது தோன்றுகிறது. மெயில் 1981-இல் நின்றுபோனது. புத்தகக் கடை இருக்கிறது.

இவையெல்லாம் இருந்ததை வாங்கிய கதை. அவர் இல்லாததை உருவாக்கிய கதை 1949-இல், செம்பியத்தில், இந்தியா பிஸ்டன்ஸ் நிறுவனத்தில் தொடங்குகிறது.

பிஸ்டன் என்பது எஞ்சின் உருளைக்குள் நிமிடத்துக்கு ஆயிரக்கணக்கான முறை மேலும் கீழும் ஓடும் உலோகத் துண்டு. பார்க்க எளிய பொருள். ஆனால் அதற்கும் உருளையின் சுவருக்கும் இடையிலுள்ள இடைவெளி தலைமுடியின் தடிமன் அளவுக்குப் பிசகினாலும் எஞ்சின் புகையும், அல்லது இறுகி நின்றுவிடும். உலோகக் கலவை, வார்ப்பு, கடைசல், அளவீடு எல்லாம் ஒருசேரக் கைவந்தால்தான் அதைச் செய்ய முடியும். ஒரு நாடு பிஸ்டன் செய்யக் கற்றுவிட்டால் வேறு நூறு பொருள்கள் செய்யவும் கற்றுவிடும்.

பொருளியல்காரனுக்கு இங்கே ஒரு புதிர் உண்டு. அன்றைய இந்தியாவில் ஆண்டுக்கு உற்பத்தியான வாகனங்கள் சில பத்தாயிரங்கள்தாம். அவ்வளவு சிறிய சந்தையை நம்பி நுட்பமான உதிரிபாகத் தொழிற்சாலை எப்படிப் பிழைக்கும்? விடையை எங்கள் தெருமுனையிலேயே சிறுவயதில் பார்த்திருக்கிறேன். மந்தைவெளியில் அப்போது லாரிகளையும் டாக்சிகளையும் பிரித்துப் போட்டு வேலைசெய்யும் பட்டறை ஒன்று இருந்தது. எஞ்சினை இறக்கி, உருளையைக் கடைந்து, அட்டைப்பெட்டியிலிருந்து புதிய பிஸ்டனை எடுத்துப் பொருத்துவார் மேஸ்திரி. புது வண்டி வாங்க வழியில்லாத நாட்டில் பழைய வண்டி இருபது ஆண்டுகள் ஓடும். அதன் பிஸ்டன் அவ்வளவு காலம் ஓடாது. புது வண்டிச் சந்தை சிறியதாக இருந்ததாலேயே மாற்று உதிரிபாகச் சந்தை பெரிதாக இருந்தது. அத்தோடு, கார் பிஸ்டன் செய்பவனால் லாரிக்கும் டிராக்டருக்கும் பம்புசெட்டுக்கும் செய்ய முடியும். வண்டி விற்பவனுக்கு ஒரு சந்தை. உறுப்பு செய்பவனுக்குப் பல.

இதன் அருமை 1953-இல் புலப்பட்டது. இறக்குமதியான பாகங்களை இங்கே வெறுமனே பூட்டி விற்பது போதாது, உள்நாட்டில் உற்பத்தி செய்யும் திட்டம் இல்லாதவர்கள் வெளியேறட்டும் என்ற முடிவுக்கு மத்திய அரசு வந்தது. சுங்கத் தீர்வை ஆணையத்தின் அறிக்கை அதற்கு அடிப்படை. ஃபோர்டும் ஜெனரல் மோட்டார்ஸும் கடையைக் கட்டின. சென்னையில் எண்ணூரில் அசோக் மோட்டார்ஸ் 1955-இல் அசோக் லேலண்ட் ஆயிற்று. திருவொற்றியூரில் என்ஃபீல்ட் வந்தது. இந்தப் புதிய உற்பத்தியாளர்களுக்கு உள்நாட்டு உறுப்புகள் தேவைப்பட்டன. செம்பியம் அப்போது தயாராக இருந்தது.

பிரிட்டனின் பெர்கின்ஸ் நிறுவனத்தோடு கூட்டுச் சேர்ந்து சிம்சன் டீசல் எஞ்சின்களை இங்கேயே செய்தது. அடிசன் துளைக்கும் கருவிகளையும் வெட்டும் கருவிகளையும் செய்தது. எஞ்சினுக்குப் பிஸ்டன், பிஸ்டனைக் கடைய வெட்டுக்கருவி என்று ஒன்றின் வாய் மற்றொன்றின் வாலைப் பற்றியிருந்ததைக் கவனியுங்கள். 1959-இல் பெர்கின்ஸை மாஸி ஃபெர்குசன் வாங்கியது. அடுத்த ஆண்டே அதே மாஸி ஃபெர்குசனின் கூட்டுறவில் டாஃபே எனும் டிராக்டர் நிறுவனம் சென்னையில் பிறந்தது. சிம்சனில் செய்த எஞ்சின் டாஃபேயின் டிராக்டரில் ஏறியது. பசுமைப் புரட்சி என்ற சொல்லே அப்போது புழக்கத்துக்கு வரவில்லை.

இவை எல்லாவற்றிலும் அவர் அமர்ந்தது இயக்குநர் குழுவின் தலைமை நாற்காலியில். பட்டறைத் தளத்தில் அவர் கண்டுபிடித்த இயந்திரம் எதுவும் இல்லை. கோயம்புத்தூர் ஜி.டி. நாயுடு போன்ற மேதையின் கவர்ச்சி அவருக்கு இல்லாமற்போனதும், நாம் அவரை மறந்ததும் இதனால்தான் போலும். புதுமை செய்பவரைக் கொண்டாடுகிறோம். எந்தப் புதுமைக்குப் பணம் ஒதுக்குவது, யாரோடு ஒப்பந்தம் செய்வது, லாபத்தை எங்கே மறுமுதலீடு செய்வது என்று முடிவெடுப்பவரை நாம் கணக்கப்பிள்ளை என்று ஒதுக்கிவிடுகிறோம்.

என் பங்குக்கு ஓர் ஒப்புதல் வாக்குமூலமும் உண்டு. முப்பது ஆண்டுகள் நான் வகுப்பறையில், இறக்குமதிக்கு மாற்றான உள்நாட்டு உற்பத்திக் கொள்கை என்பது திறமையின்மைக்குக் கட்டிய மதில் என்று போதித்தேன். அதில் உண்மை உண்டு. ஸ்கூட்டருக்கு ஆண்டுக்கணக்கில் காத்திருந்த தலைமுறை எங்களுடையது. போட்டியில்லாத சந்தையில் தரம் எப்படித் தூங்கும் என்பதை அனுபவித்தவர்கள். ஆனால் முனைவர் பட்ட ஆய்வுக்காக 1980-களில் பெரம்பூர், அம்பத்தூர் பகுதிகளின் சிறு கடைசல் பட்டறைகளில் வினாத்தாளோடு அலைந்தபோது, தொழிலை எங்கே கற்றீர்கள் என்ற கேள்விக்குத் திரும்பத் திரும்ப வந்த விடைகள் சிம்சன், இந்தியா பிஸ்டன்ஸ், டி.வி.எஸ்., லேலண்ட் என்பனவாகவே இருந்தன. அந்த விடைகளை நான் அட்டவணையில் பதிவுசெய்தேன். ஆய்வேட்டின் முடிவுரையில் அவற்றுக்கு இடம் தரவில்லை. கோட்பாட்டுக்குப் பொருந்தாத தரவை ஓரமாக வைப்பது என் துறையின் பழைய நோய்.

குறைகளையும் சொல்லத்தான் வேண்டும். அவர் கட்டியது ஒரு குடும்பத்தின் கோட்டை. பொதுமக்கள் பங்கு வாங்கி உள்ளே எட்டிப் பார்க்கும் வாய்ப்பு அதில் குறைவு. உரிமங்களின் காலத்தில் உரிமம் பெற்றவர் செழித்தார். பெறாதவர் யார் என்று யாருக்கும் தெரியாது. அவர் மறைவுக்குப் பின் 1970-களின் தொடக்கத்தில் சிம்சனில் வெடித்த தொழிலாளர் போராட்டம், அந்தக் கோட்டைக்குள் எல்லாம் சுமுகமாக இருக்கவில்லை என்பதைக் காட்டியது.

1964 ஏப்ரலில் அவர் காலமானார். அறுபது வயதுகூட நிறையவில்லை. அதற்கு முந்தைய ஆண்டுதான் ஆழ்வார்குறிச்சியில் ஊர்த் தெய்வமான பரமகல்யாணியின் பெயரில் கல்லூரி தொடங்கியிருந்தது. மகன்கள் கிருஷ்ணமூர்த்தியும் சிவசைலமும் குழுமத்தை நடத்தினார்கள். அவர் தொடங்கிய டிராக்டர் நிறுவனம், நீண்ட வழக்குகளுக்குப் பிறகு 2025-இல், இந்தியாவில் மாஸி ஃபெர்குசன் என்ற வணிகப் பெயரின் உரிமையையே தனதாக்கிக்கொண்டது. கடன் வாங்கிய பெயர் அறுபத்தைந்து ஆண்டுகளில் சொந்தப் பெயரானது.

1950-களில் வெளியேறிய ஃபோர்டு 1990-களில் திரும்பி வந்து மறைமலைநகரில் தொழிற்சாலை கட்டியது. 2021-இல் மீண்டும் மூடுவதாக அறிவித்தது. இப்போது மறுபடி வர விருப்பம் தெரிவித்திருக்கிறது. ஹூண்டாய் இருங்காட்டுக்கோட்டையைத் தேர்ந்தெடுத்ததற்குத் துறைமுகமும் மின்சாரமும் மட்டுமா காரணம்? உறுப்பு செய்யத் தெரிந்த ஆயிரம் கைகள் இங்கே ஏற்கெனவே இருந்தன. முதலீட்டாளர் மாநாடுகளின் மேடையில் அந்தக் கைகளைப் பற்றி எவரும் பேசுவதில்லை.

சென்ற ஆண்டு ஆகஸ்டில் தூத்துக்குடியில் வியட்நாமின் வின்ஃபாஸ்ட் மின்சாரக் கார் ஆலை திறக்கப்பட்டது. ஆழ்வார்குறிச்சியிலிருந்து சில மணிநேரப் பயணம். மின்சாரக் காருக்குப் பிஸ்டன் கிடையாது. அதன் விலையில் பெரும்பங்கு மின்கலத்துக்குப் போகிறது. அந்த மின்கலத்தின் செல்கள் பெரும்பாலும் வெளிநாட்டிலிருந்து வருகின்றன. 1949-இல் செம்பியத்தில் தொடங்கியது போன்ற ஒரு தொழிற்சாலை, இன்று செல்லுக்காக இம்மாநிலத்தில் எங்கே தொடங்கப்படுகிறது, எவருடைய பணத்தில், எத்தனை ஆண்டு நட்டத்தைத் தாங்கும் மன உறுதியோடு? புரிந்துணர்வு ஒப்பந்தங்களின் பட்டியலை நான் நாளிதழில் படிக்கும்போதெல்லாம் முதலில் தேடுவது அந்த வரியைத்தான்.